மாசம் எவ்வளவு வரும்?

அந்த ஊரில் பாதிப் பேர் படுத்துத் தூங்குகிற கட்டில் அவர் விற்றது. மீதிப் பேர் துணி அடுக்குகிற பீரோவும் அவர் விற்றதுதான். பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று அவருக்கும் இருந்தது; ஆனால் அதைச் சொல்லி விசாரித்தால் தெருமுனையிலேயே உதட்டைப் பிதுக்குவார்கள். "தவணைக்காரர் வீடு" என்று கேட்டால் போதும், சின்னப் பிள்ளைகூடக் கையைப் பிடித்து வாசலில் கொண்டுவந்து விட்டுவிடும்.

கடை மூன்று மாடி. கீழ்த்தளம் அவருடைய ராஜ்ஜியம். கட்டில், மெத்தை, சோபா, சாப்பாட்டு மேஜை. ஒவ்வொன்றிலும் நூலில் கட்டிய விலை அட்டை தொங்கும். அந்த அட்டையை வாடிக்கையாளர் படிப்பதற்குள் தன் உள்ளங்கைக்குள் வாங்கிக்கொள்வதில் அவருக்கு இணை அவர்தான்.

அன்று காலையில்கூட ஒரு புது ஜோடி. பையன் அட்டையைத் தொடப் போனான்.

"விலை கிடக்கட்டும் தம்பி. விலையைப் பார்த்துக்கிட்டே இருந்தா காலம் பூரா தரையிலதான் படுக்கணும். மாசம் எவ்வளவு ஒதுக்க முடியும்? அதைச் சொல்லுங்க."

"ஆயிரம்..."

"ஆயிரம் எதுக்கு? எழுநூறு போதும். நான் முடிச்சுத் தரேன்."

பையன் முகம் மலர்ந்துவிட்டது. பெண்தான் சூட்டிகையாகக் கேட்டாள். "எத்தனை மாசம் கட்டணும் சார்?"

இந்தக் கேள்விக்கென்றே அவர் ஒரு சிரிப்பு வைத்திருந்தார். "கட்டில்ல நீங்க தூங்கப் போறீங்களா, இல்ல மாசத்தை எண்ணிக்கிட்டு முழிச்சிருக்கப் போறீங்களாம்மா?"

இருவரும் சிரித்துவிட்டார்கள். கட்டில் போய்விட்டது. கல்லாவில் இருந்த முதலாளி, அவர் பக்கம் பார்த்துப் புருவத்தை உயர்த்தினார். அது அங்கே கைத்தட்டலுக்குச் சமம்.

சாயங்காலம் மழை பிடித்துக்கொண்டது. வீட்டுக்குள் நுழைந்தால் மைத்துனன் உட்கார்ந்திருந்தான். மனைவியின் தம்பி, பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவன். மேஜைமேல் ஈரமான கேக் பெட்டி.

"வாங்க மாமா. வாயைத் திறங்க முதல்ல."

"என்ன மாப்ள, லாட்டரியா?"

"அதைவிடப் பெரிசு. வீட்டுக் கடன் முடிஞ்சிடுச்சு. பத்திரம் கைக்கு வந்துடுச்சு."

மனைவி அப்போதுதான் வேலையிலிருந்து வந்திருந்தாள். ஆஸ்பத்திரிகளுக்கும் ஓட்டல்களுக்கும் துணி வெளுத்துக் கொடுக்கிற சலவைக்கூடத்தில் அவளுக்கு வேலை. ஈரப் படுக்கைவிரிப்பை இரண்டு பேர் இரண்டு முனையில் பிடித்து, சூடான உருளைகளுக்குள் சுருக்கமில்லாமல் கொடுக்க வேண்டும். எட்டு மணி நேரமும் நின்றபடிதான். உட்கார்ந்தால் துணி கோணும். கெண்டைக்காலில் நரம்புகள் முடிச்சு முடிச்சாகப் புடைத்திருந்தன. மணிக்கட்டின் உட்புறத்தில் பழைய சூட்டுத் தழும்புகள்.

அவள் கேக் துண்டைக் கையில் வைத்துக்கொண்டு கணவனைப் பார்த்தாள். "அப்ப நம்மளதும் முடிஞ்சிருக்கும்ல? ரெண்டு பேரும் ஒரே நாள்லதானே வாங்கினீங்க."

உண்மைதான். அடுத்தடுத்த தெருவில் இரண்டு வீடு. ஒரே வங்கி. ஆளுக்குப் பத்து லட்சம், பதினைந்து வருஷம்.

"பின்ன? நமக்கு நாலஞ்சு மாசம் முன்னப் பின்ன இருக்கும். அவ்வளவுதான்" என்றார் தவணைக்காரர், வாய் நிறையக் கேக்கோடு.

மைத்துனன் தயங்கினான். "மாமா, வட்டி ஏறினப்ப நீங்க தவணையைக் கூட்டலையே..."

"அதுக்குப் பேர்தான் சாமர்த்தியம் மாப்ள! உன்னை மாதிரி ஏமாளியா நான்?"

அது இந்தக் குடும்பத்தில் பலமுறை சொல்லிச் சிரித்த கதை. கடன் வாங்கி இரண்டாம் வருஷம் வட்டி ஏறியது. அடுத்து மறுபடியும் ஏறியது. தவணையைக் கூட்டட்டுமா, காலத்தை நீட்டட்டுமா என்று வங்கியில் கேட்டார்கள். மைத்துனன் கூட்டச் சொன்னான். மாசம் இரண்டாயிரத்துக்குக் கொஞ்சம் குறைவாகக் கூடுதல். அதற்காக ஞாயிற்றுக்கிழமைகளில் சரக்கு ஏற்றப் போனான். தேய்ந்த செருப்பையே தைத்துத் தைத்துப் போட்டுக்கொண்டான். "நம்ம ஆளு செருப்புல பாதி நூல்தான், தோலே இல்ல" என்று தவணைக்காரர் விருந்தாளிகள் முன்னால் சொல்லிக் காட்டுவார்.

அவரோ காலத்தை நீட்டச் சொல்லிக் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்தார். ஒன்பதாயிரத்தைந்நூறு தவணை, ஒரு காசு ஏறவில்லை. பேரம் பேசி வங்கியையே மடக்கிவிட்ட மாதிரி ஒரு நடை அன்றைக்கு. எத்தனை மாசம் நீளும் என்று மட்டும் அவர் கேட்கவில்லை. அது அவர் தொழிலில் கேட்கக் கூடாத கேள்வி.

மைத்துனன் பெட்டியை மூடி அக்கா கையில் கொடுத்துவிட்டு, மழையிலேயே கிளம்பிப் போனான்.

மறுநாள் மாலை மனைவி ஒரு செய்தியோடு வந்தாள்.

"சூப்பர்வைசரம்மாகிட்ட சொல்லிட்டேன்."

"என்னன்னு?"

"இந்த மாசத்தோட நின்னுக்கறேன்னு. பொண்ணும் படிச்சு முடிச்சு வேலைக்குப் போயிட்டா. கடனும் முடியப் போகுது. இனி எதுக்கு இந்தக் காலைப் போட்டு வதைக்கணும்? என்ன சொல்றீங்க?"

"நல்லதுதானே" என்றார் அவர். சொன்ன பிறகுதான் தோன்றியது: எதற்கும் வங்கியில் ஒரு வார்த்தை கேட்டுவிடலாம்.

வங்கியில் ஜலதோஷம் பிடித்த ஒரு இளம்பெண் உட்கார்ந்திருந்தாள். மூக்கைத் துடைத்துக்கொண்டே திரையைப் பார்த்தாள்.

"உங்களுக்கு இன்னும் ஒன்பது வருஷம் பத்து மாசம் இருக்கு சார்."

தவணைக்காரர் சிரித்தார். "வேற யாரோடதையோ பார்க்கறே பாரும்மா."

அவள் திரையை அவர் பக்கம் திருப்பினாள். அவர் பெயர்தான். ஊருக்கே தெரியாத அந்தப் பெயர்.

"பாக்கி அசல் ஆறு லட்சத்து எழுபதாயிரம்."

"என்னம்மா சொல்றே? வாங்கினதே பத்து லட்சம். பதினஞ்சு வருஷமா ஒரு மாசம்கூடத் தவறினதில்ல."

"தவறல சார். ஆனா கட்டினது பெரும்பாலும் வட்டிக்கே போயிடுச்சு. வட்டி ஏறினதும் தவணையை ஏத்தாம விட்டா, அசலுக்குன்னு கிள்ளுக் கிள்ளாத்தான் போகும். அதனாலதான் காலம் இவ்வளவு நீண்டிருக்கு. ரெண்டு தடவையும் நீங்கதான் சார் நீட்டச் சொல்லியிருக்கீங்க."

"இவ்வளவு நீளும்னு யாரும் சொல்லலையே?"

"நீங்க கேட்டிருக்கலாமே சார்."

அவள் குத்திக் காட்டவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னாள். அவருக்குத்தான் காது மடல் சுட்டது.

ஆயுசில் முதல் தடவையாக அந்தக் கேள்வியை அவர் கேட்டார். "முடியறப்ப மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பேன்?"

"இருபத்தெட்டு லட்சம். கொஞ்சம் மேலயே."

"அப்பவே தவணையைக் கூட்டிக் கட்டியிருந்தா?"

அவள் தட்டிப் பார்த்தாள். "இருபதோட முடிஞ்சிருக்கும். இப்ப முடிஞ்சும் போயிருக்கும்."

எட்டு லட்சம். மைத்துனன் செருப்பைத் தைத்துத் தைத்துக் காப்பாற்றிக்கொண்டது அந்த எட்டு லட்சம்.

"இப்பவும் ஒண்ணும் கெட்டுப் போகல சார். கூட ஒரு தொகை சேர்த்துக் கட்டினா சீக்கிரம் முடிச்சிடலாம்." அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு புன்னகை செய்தாள். "மாசம் எவ்வளவு கட்ட முடியும், அதைச் சொல்லுங்க."

அவருடைய வாக்கியம். அவருடைய குழைவு. அச்சு அசல்.

கேட்டுத்தான் பார்த்தார். மாசம் இன்னொரு ஒன்பதாயிரம் சேர்த்தால் நாலு வருஷத்துக்குள் முடிந்துவிடுமாம். வீட்டில் அந்தத் தொகை எங்கே இருக்கிறது என்று அவருக்குத் தெரியும். அது அப்படியே மனைவியின் சம்பளம்.

அவளை வேலைக்குப் போ என்று சொல்ல வேண்டும். அல்லது தனக்கு அறுபத்தெட்டு வயசாகும்வரை கடையில் நின்று, பத்து வாங்கினதற்கு இருபத்தெட்டாகக் கட்ட வேண்டும். கடையோ அறுபத்தைந்துக்குமேல் யாரையும் வைத்துக்கொண்டதில்லை.

வீட்டுக்கு வந்து அவர் எதையும் சொல்லவில்லை. இன்றைக்குத் தலைவலி, நாளைக்குச் சொல்லலாம் என்று தள்ளினார். தள்ளிப்போடுவது அவருக்குப் பழகிய தொழில்தானே. மனைவி தினமும் ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். கொல்லையில் நாலு செடி வைக்கப் போகிறாளாம். காலையில் காபியைச் சூடாக, உட்கார்ந்து குடிக்கப் போகிறாளாம். "நின்னுக்கிட்டே குடிச்சுக் குடிச்சு, உட்கார்ந்தா எப்படிக் குடிக்கறதுன்னே மறந்து போச்சு" என்று சிரித்தாள். வேலைக்குப் போட்டுப் போகிற மொத்தை ரப்பர் செருப்பைக்கூடப் புதிதாகச் சேர்ந்தவளுக்குக் கொடுத்துவிட்டாளாம்.

அவர் தட்டைப் பார்த்தே சாப்பிட்டுவிட்டு எழுந்துகொள்வார்.

மாசக் கடைசி நெருங்கியது. ஒரு மத்தியானம், அடைமழை. கடையில் ஈ காக்கை இல்லை. கண்ணாடிக் கதவைத் தள்ளிக்கொண்டு மூன்று பெண்கள் உள்ளே வந்தார்கள். குடையிலிருந்து தண்ணீர் சொட்டியது. அவர்கள் வந்ததும் கடை முழுக்கச் சலவைக்காரம் மணத்தது. அவர் வீட்டில் தலையணைவரை ஊறிப்போன அதே வாசனை.

முன்னால் வந்தவள் சூப்பர்வைசரம்மா. ஆள் வாட்டசாட்டம், குரல் அதைவிட.

"அண்ணே, அக்காகிட்ட மூச்சு விடக்கூடாது. சத்தியம் பண்ணுங்க."

"என்ன விஷயம்?"

"எல்லாருமா சேர்ந்து அக்காவுக்கு ஒண்ணு வாங்கித் தரப் போறோம். சாஞ்சு உட்கார்ந்தா காலைத் தூக்கி வைக்கற மாதிரி நாற்காலி இருக்காமே?"

"பின்ன, ஆயுசு பூரா நின்னவங்களுக்குக் கிண்ணமா வாங்கித் தர முடியும்?" என்றாள் அக்காவின் ஜோடி. படுக்கைவிரிப்பின் மறுமுனையைப் பிடிக்கிறவள்.

அவர் ஒன்றைக் காட்டினார். ஜோடிக்காரி தொப்பென்று அதில் விழுந்தாள். பக்கத்துப் பிடியை இழுத்ததும் கால் பலகை எழும்பி அவள் காலைத் தூக்கியது.

"அடியம்மா! நான் எழுந்திருக்க மாட்டேன். என்னையும் சேர்த்து பில்லைப் போடுங்கண்ணே!"

"உன்னை ஏத்தினா லாரிதான் வைக்கணும், எழுந்திரிடி" என்றாள் சூப்பர்வைசரம்மா. மூன்று பேரும் கடை அதிரச் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பு அடங்குவதற்குள், ஊரே அவரிடம் கேட்கிற அந்தக் கேள்வி வந்தது.

"மாசம் எவ்வளவு வரும்ணே? ஆளுக்குக் கொஞ்சம் போட்டுக் கட்டிடறோம்."

அட்டை தொங்கிக்கொண்டிருந்தது. அவர் கை பழக்கத்தில் தானாக நீண்டு அதை மூடியது. மூடிய கையை அவர் பார்த்தார். கை விலகவில்லை. முதலாளி கல்லாவிலிருந்து எட்டிப் பார்த்தார்.

"இன்னிக்கு வேண்டாம்மா" என்றார் கடைசியில். "அப்புறம் பார்த்துக்கலாம்."

"ஏன், சரக்கு சரியில்லையா?"

"சரக்கு நல்லாத்தான் இருக்கு."

அவர்களுக்கு ஒன்றும் புரியவில்லை. குடையை விரித்துக்கொண்டு திரும்பித் திரும்பிப் பார்த்தபடி போனார்கள்.

அன்றைக்கு வீட்டில் மனைவி அகலமான பிளாஸ்டிக் தொட்டியில் வெந்நீர் ஊற்றி, உப்புப் போட்டு, காலை வைத்து உட்கார்ந்திருந்தாள். அவர் எதிரே முக்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். சொன்னார். தொடங்கியபின் நிறுத்த முடியவில்லை. ஒன்பது வருஷம், ஆறு லட்சம், இருபத்தெட்டு, இருபது, எல்லாவற்றையும் தண்ணீரைப் பார்த்தபடியே சொன்னார்.

எல்லாம் முடிந்ததும் அவள் கேட்டாள்.

"எப்ப தெரியும்?"

"மூணு வாரம் ஆச்சு."

"மூணு வாரமா நான் செடி, காபின்னு உளறிக்கிட்டிருந்தேன். நீங்க கேட்டுக்கிட்டிருந்தீங்க."

அவர் முக்காலியைக் கொஞ்சம் பின்னுக்கு நகர்த்தினார்.

"அப்பவே சொன்னேன். ரெண்டாயிரம்தானே, நான் ஓவர்டைம் பாக்கறேன், கூட்டிக் கட்டிடலாம்னு. என்ன சொன்னீங்க?"

"ஞாபகம் இருக்கு."

"என்ன சொன்னீங்க, சொல்லுங்க."

"உனக்குக் கணக்குத் தெரியாதுன்னேன்."

அவள் காலைத் தண்ணீரிலிருந்து எடுத்தாள். துண்டால் விரல் இடுக்கெல்லாம் நிதானமாகத் துடைத்தாள். கோபம் வரும் என்று அவர் காத்திருந்தார். திட்டினால் தேவலை போலிருந்தது.

"பணம் போனதுகூடப் பரவாயில்லை" என்றாள். "என் தம்பி செருப்பைப் பார்த்துச் சிரிச்சீங்களே. நானும் கூடச் சேர்ந்து சிரிச்சேன். அவன் முன்னாலேயே சிரிச்சேன். இனிமே அவன் மூஞ்சியில நான் எப்படி முழிப்பேன்?"

தொட்டியைத் தூக்க அவர் குனிந்தார். "விடுங்க" என்று அவளே தூக்கிக்கொண்டு போய்க் கொல்லையில் ஊற்றினாள். வாசற்படியில் நின்றபடியே சொன்னாள்.

"நாளைக்கு நீங்களும் வரணும். வேலையிலிருந்து நிக்கலன்னு நானே போய்ச் சொல்ல எனக்கு வாய் வராது. நீங்க சொல்லுங்க."

இத்தனை வருஷத்தில் அவர் சலவைக்கூடத்தின் கேட்டைத் தாண்டியதில்லை. சம்பள நாளில் வெளியே வண்டியை நிறுத்திக்கொண்டு காத்திருப்பார், அவ்வளவுதான். உள்ளே கால் வைத்ததும் மூச்சு முட்டியது. வெளியே மழைக்குளிர்; உள்ளே வெந்நீர் அண்டாவுக்குள் இறங்கின மாதிரி. மலைமலையாக ஈரத்துணி. காலடியில் வெறும் சிமெண்ட் தரை, அதில் தண்ணீர். உருளைகள் சுற்றுகிற இரைச்சலில் எல்லோரும் கத்தித்தான் பேசினார்கள். அங்கே ஒரு முக்காலிகூட இல்லை. அவர் தேடிப் பார்த்தார்.

சூப்பர்வைசரம்மா அவரைப் பார்த்துத் திகைத்தாள். பிறகு கண்ணைச் சிமிட்டினாள். மனைவி ஒதுங்கிச் சுவரோரம் நின்றுகொண்டாள்.

"அவ நிக்கலம்மா" என்றார் அவர். "வேலைக்கு வருவா. இன்னும் நாலு வருஷம்."

"என்னண்ணே? கடன் முடிஞ்சிடுச்சுன்னு அக்கா சொன்னாங்களே?"

"முடியல. என் தப்பு."

உருளையில் துணி கொடுத்துக்கொண்டிருந்த ஜோடிக்காரி தலையைத் திருப்பினாள். "அப்ப நாற்காலி?"

"என்ன நாற்காலி?" என்றாள் மனைவி.

அவர்தான் சொன்னார். "உனக்குன்னு இவங்க கேட்டு வந்தாங்க, கால் நீட்டி உட்கார. நான் தரல." பிறகு சூப்பர்வைசரம்மா பக்கம் திரும்பினார். "மாசம் எண்ணூறுன்னு சொல்லியிருப்பேன். முப்பது மாசம் கட்டியிருப்பீங்க. கூட்டிப் பார்த்தா இருபத்து நாலாயிரம். அட்டையில இருக்கற விலை பதினஞ்சு."

இரைச்சலிலும் அது எல்லோர் காதிலும் விழுந்தது. உருளையை யாரோ நிறுத்தினார்கள்.

சூப்பர்வைசரம்மா முகத்தில் சிரிப்பு போய்விட்டது. "அப்ப என் பீரோ?"

அவருக்கு நன்றாக நினைவிருந்தது. ஒவ்வொரு வீட்டுச் சாமானும் அவருக்கு மனப்பாடம். "ஒண்ணரை மடங்கு கட்டியிருக்கீங்க."

"என் மெத்தை?" என்றாள் ஜோடிக்காரி. "நாலு வருஷம் போட்டுத் தந்தீங்களே. மெத்தை கிழிஞ்சே போச்சு, போன மாசம்தான் தவணை முடிஞ்சுது."

"ரெட்டிப்பு விலைம்மா."

"கேட்டேனே அண்ணே! எத்தனை மாசம்னு வாய்விட்டுக் கேட்டேனே! சிரிச்சு மழுப்பிட்டீங்க!"

துணி மலைகளுக்குப் பின்னாலிருந்து ஒவ்வொருத்தியாக வந்தார்கள். கட்டில். சோபா. பிள்ளைக்கு வாங்கின மேஜை. கேட்கக் கேட்க அவர் சொன்னார். குறைத்துச் சொல்லவும் தோன்றவில்லை. ஒருத்தி, "கூடப் பிறந்த அண்ணன் மாதிரி நம்பினோமே" என்றாள். இன்னொருத்தி எதுவும் சொல்லாமல் அவரை ஏற இறங்கப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போனாள். அது இன்னும் மோசமாக இருந்தது. வியர்வை கண்ணுக்குள் இறங்கியது. துடைக்கக் கையைத் தூக்கவில்லை.

மனைவி சுவரோரத்திலிருந்து நகர்ந்தாள். கொக்கியிலிருந்து தன் பழைய ரப்பர் மேலங்கியை எடுத்துக் கழுத்தில் மாட்டிக்கொண்டாள். செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, வெறுங்காலோடு ஈரச் சிமெண்டில் நடந்து உருளைக்கு முன்னால் தன் இடத்தில் போய் நின்றாள். அவர் பக்கம் திரும்பாமலே சொன்னாள்.

"நம்ம வீட்டையும் சொல்லுங்க."

அவருக்குச் சட்டென்று புரியவில்லை.

"எல்லார் வீட்டுச் சாமானும் சொன்னீங்கல்ல? நம்ம வீடு மொத்தம் எவ்வளவுன்னும் இவங்களுக்குச் சொல்லுங்க."

அவர் சொன்னார். "பத்து லட்சத்துக்கு வாங்கினேன். என் போக்குல விட்டா இருபத்தெட்டு."

கூரைத் தகரத்தில் மழை விழுகிற சத்தம் அப்போதுதான் கேட்டது. கத்திக்கொண்டிருந்தவர்கள் அவரைப் பார்க்கவில்லை. எல்லோரும் அவளுடைய காலைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

புதிதாகச் சேர்ந்தவள் முதலில் அசைந்தாள். தன் காலில் கிடந்த மொத்தை ரப்பர் செருப்பைக் கழற்றி, எடுத்து வந்து, அக்காவின் காலடியில் வைத்தாள்.

மனைவி அதில் காலை நுழைத்துக்கொண்டாள். ஈரப் படுக்கைவிரிப்பின் ஒரு முனையைக் கையில் எடுத்தாள்.

"மெஷினைப் போடுங்கடி" என்றாள். "நேரமாகுது."